இடது பக்கத்துக் குரல்

என்னிடம் நாற்பதாயிரம் பேர் இருக்கிறார்கள். உட்கார் என்றால் உட்காருவார்கள், எழுந்திரு என்றால் எழுந்திருப்பார்கள். ஒருவருக்குக்கூட உயிர் கிடையாது. உற்றுப் பார்த்தால் மொத்தம் அறுபது முகம்தான் தேறும். சட்டையையும் தொப்பியையும் மாற்றி மாற்றிப் போட்டு ஒரு ஸ்டேடியத்தை ரொப்பியிருக்கிறோம்.

அமெரிக்காவில் ஒரு கம்பெனி பேஸ்பால் வீடியோ கேம் செய்கிறது. ஆடுகிறவர்களை அவர்களே செய்துகொள்கிறார்கள். வேடிக்கை பார்க்கிற கூட்டத்தை மட்டும் திருச்சி சத்திரம் பேருந்து நிலையத்துக்குப் பின்னால், ஒரு பாத்திரக்கடை மாடியில், நாங்கள் பதினோரு பேர் செய்கிறோம். கூட்டத்தின் சத்தம் என் பொறுப்பு.

ஸ்ரீரங்கம் மேலூர் ரோட்டில் வளர்ந்தவள் பேஸ்பாலை எங்கே போய்ப் பார்ப்பது? மட்டையும் பந்தும் இருக்கிறது, கிரிக்கெட் மாதிரிதானே என்று துணிந்து இறங்கினோம். முதல் மாதமே மானம் போனது. கிரிக்கெட்டில் பந்து மட்டையில் உரசிக் கீப்பர் தலைக்கு மேல் பறந்தால் நாலு ரன். பேஸ்பாலில் அப்படிப் பின்னால் போனால் அது செல்லாத அடி. பதினோரு பேரில் ஒருவருக்குக்கூட அது உறைக்கவில்லை. பந்து பின்பக்கம் போன ஒவ்வொரு தரமும் எங்கள் நாற்பதாயிரம் பேரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். விசில் வேறு. ‘உங்கள் பார்வையாளர்கள் எதற்காக மகிழ்கிறார்கள் என்று எங்களுக்குப் புரியவில்லை’ என்று அமெரிக்காவிலிருந்து மரியாதையாக எழுதியிருந்தார்கள். எங்கள் குழுவுக்குத் தலைவி டெல்பின். அவள் அதை அச்சடித்துச் சுவரில் ஒட்டிவிட்டாள், நாங்கள் மறக்கக்கூடாது என்று.

அதையெல்லாம் திருத்தி முடித்தோம். சும்மா சொல்லக்கூடாது, கூட்டம் நன்றாகவே வந்திருந்தது. கூட்டத்தின் சத்தத்தை நிறுத்திவிட்டு அந்த ஆட்டத்தைப் பார்த்தால் ஒரு பொம்மை இன்னொரு பொம்மைக்குப் பந்து போடும், அவ்வளவுதான். சத்தத்தைக் கூட்டினால் பந்து போடுகிறவனுக்குப் பயம் வந்துவிட்டதாகத் தோன்றும். அவன் முகத்தில் ஒரு கோடுகூட மாறியிருக்காது. மாறியது நம் காதில்தான். இந்த வித்தையில் எனக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு.

பாக்கி நின்றது ஒரே ஒரு புகார். சொந்த ஊர் ஆட்டக்காரன் கைக்கு வந்த பந்தை நழுவவிட்டால் கூட்டம் அவன்மேல் கோபப்பட வேண்டும். எங்கள் கூட்டம் கோபப்படுவது நம்பும்படி இல்லை என்றார்கள். வெள்ளிக்கிழமைக்குள் சரியாகாவிட்டால் கூட்டத்தை வேறு நாட்டுக் கம்பெனிக்குக் கொடுத்துவிடுவோம் என்றும் சொல்லிவிட்டார்கள். நான் பதினாலு தடவை மாற்றிப் பார்த்தேன். சத்தத்தைக் கூட்டினேன், குறைத்தேன், ஆண் குரலை ஏற்றினேன், நடுவில் விசில் சேர்த்தேன். எதைச் செய்தாலும் மிக்ஸியைத் தட்டிவிட்ட மாதிரி ஒரே சமயத்தில் தொடங்கி ஒரே சமயத்தில் நின்றது.

செவ்வாய்க்கிழமை காலை எங்கள் ஆபீஸ் ஆர்.ஓ. மெஷினுக்கு ஃபில்டர் மாற்றக் கலையரசன் வந்தான். கலை என் தம்பி. இருபத்தேழு வயது. தண்ணீர் மெஷின் சர்வீஸ் அவன் வேலை, எங்கள் ஆபீசும் அவன் கணக்கில் ஒன்று. தினம் காலையில் என்னை பைக்கில் கொண்டுவந்து விடுவதும், சாயங்காலம் ஆறு மணிக்கு எதிர் ஜூஸ் கடை வாசலில் நின்று கூட்டிப்போவதும் அவன்தான். எனக்கு வண்டி ஓட்டத் தெரியாது என்பதை வருஷத்துக்கு நாற்பது தடவை சொல்லிக் காட்டுவான்.

அவன் சமையலறையில் மெஷினைக் கழற்றிக்கொண்டிருந்தபோது டெல்பின் பெரிய ஸ்பீக்கரில் அந்த இடத்தை ஓட்டினாள். திரையில் ஆட்டக்காரன் பந்தை நழுவவிட்டான். நாற்பதாயிரம் பேரும் கத்தினார்கள். கலை ஈரக் கையைப் பேண்டில் துடைத்துக்கொண்டு வந்து கதவருகே நின்றான்.

“இது தப்புக்கா.”

“எது?”

“எல்லாரும் ஒண்ணா கத்துறாங்க. அப்படிக் கத்த மாட்டாங்க.”

டெல்பின் நாற்காலியோடு திரும்பினாள். “எப்படிக் கத்துவாங்க? சொல்லுங்க தம்பி.”

“மொதல்ல சத்தமே இருக்காது மேடம். பந்து புல்லுல உருளுறதுகூடக் கேக்கும். இவ்வளவு பேரு இருக்காங்களான்னே சந்தேகம் வந்துடும். அப்புறம் ஒரே ஒரு ஆளு கத்துவாங்க. அதுக்கப்புறம்தான் மத்தவங்க. அந்த ஒரு ஆளு கத்தலைன்னா மத்தவங்க ச்சேன்னு சொல்லிட்டு விட்டுருவாங்க.”

டெல்பின் வேகவேகமாகக் குறித்துக்கொண்டாள். “ஆம்பளக் குரலா இருக்குமா?”

“பொம்பளக் குரல். என் இடது கைப் பக்கத்துலேர்ந்து.” அவன் திரையைப் பார்த்தபடியே சொன்னான். “ரெண்டு தடவ. மொதத் தடவ கத்துனதும் திரும்பிப் பாத்தேன். வெயில் கண்ணுல அடிச்சுது, யாருன்னு தெரியல. நான் திரும்பிப் பாத்தப்புறம் இன்னொண்ணு கத்துனாங்க. மொதக் கத்தல் பந்துக்கு மேடம். ரெண்டாவது எனக்கு.”

மேசைமேல் இருந்த பேனாவை எடுத்து மூடியைக் கழற்றினேன், மாட்டினேன், மறுபடி கழற்றினேன். அந்தப் பெண் குரல் என்னுடையது.

ஏழு வருஷத்துக்கு முன்னால் ஒரு காலேஜ் கிரவுண்டில் மாவட்ட லீக் இறுதி ஆட்டம். மூவாயிரம் பேர் இருந்திருப்பார்கள். அப்போது நானும் டெல்பினும் ஒரு விளம்பர ரெக்கார்டிங் ஸ்டுடியோவில் இருந்தோம். அவள் சேர்ந்து பத்து நாள்தான் ஆகியிருந்தது. ஆபீஸ் ஆட்கள் ஆறு பேராகப் போயிருந்தோம். என் தம்பி ஆடுகிறான் என்று யாரிடமும் சொல்லவில்லை. ஜெயித்த பிறகு அவனைக் கையைப் பிடித்துக் கூட்டிவந்து காட்டிப் பெருமை அடித்துக்கொள்ளலாம் என்று ஓர் ஆசை.

கலை எப்போதும் மட்டைக்குப் பக்கத்தில் ஸ்லிப்பில் நிற்பவன். கடைசி ஓவர்களில் கேப்டன் அவனை எல்லைக்கோட்டுக்கு, நாங்கள் நின்ற பக்கமாகவே அனுப்பியிருக்கிறான். நான் சுண்டல் வாங்கப் போனவள், கவனிக்கவில்லை. திரும்பி வரும்போது பந்து உயரத்தில் இருந்தது. எங்களுக்கு முதுகைக் காட்டி ஒருவன் அதற்கடியில் போய் நின்றான். பந்து கையில் பட்டுக் கீழே விழுந்தது. மூவாயிரம் பேரும் வாயடைத்துப்போனார்கள். முதலில் கத்தியது நான்தான். “ஏஏஏய்” என்று அடிவயிற்றிலிருந்து வந்தது. ஜெயிக்கிற ஆட்டத்தை இப்படிக் கெடுக்கிறானே என்று ஆத்திரம்.

அவன் திரும்பினான். என் தம்பி முகம்.

“யாருடி அது, தெரிஞ்சவனா?” என்று டெல்பின் கேட்டாள். “தெரியல” என்றேன். சொன்ன கையோடு இன்னொரு தடவை கத்தினேன், முதல் கத்தலைவிடப் பலமாக. தெரியாதவள் அப்படித்தானே கத்துவாள். பெருமை அடித்துக்கொள்ள வைத்திருந்த தம்பி இப்படி மானத்தை வாங்குகிறானே என்ற எரிச்சலும் அதில் இருந்தது. இருந்தது என்று இன்றைக்குச் சொல்ல எனக்கு நாக்கு கூசுகிறது. அதற்குள் மொத்தக் கிரவுண்டும் பிடித்துக்கொண்டது. நான் குனிந்து, முன்னால் நின்றவர்களின் காலுக்குப் பின்னால் உட்கார்ந்துவிட்டேன்.

அதற்குப் பிறகு பந்து அவன் பக்கம் போகும்போதெல்லாம் ஊளையிட்டார்கள். அவன் இன்னொரு கேட்சையும் விட்டான், ஆட்டமும் போனது. அடுத்த வாரம் சென்னையில் செலக்‌ஷன் இருந்தது. அவன் போகவில்லை. மட்டையும் பேடும் பரண்மேல் ஏறின. “கூட்டம்னா அப்படித்தான்க்கா. எவனோ ஒருத்தன் ஆரம்பிச்சு வச்சுருவான்” என்று என்னிடமே சொன்னான். நான் அவனுக்கு ரசம் சாதம் பிசைந்து கொடுத்துக்கொண்டிருந்தேன். எவனோ இல்லை, எவளோ என்று அவனுக்குத் தெரியும் என்பதே எனக்கு இந்தச் செவ்வாய்க்கிழமைதான் தெரியவந்தது.

“வேனில், போய்க் கத்திட்டு வா” என்றாள் டெல்பின். என் முழுப்பெயர் இளவேனில். அவள் நீளமாக எதையும் சொல்ல மாட்டாள்.

எங்கள் ரெக்கார்டிங் அறை ஒரு கழிப்பறை அளவுதான் இருக்கும். நடுவில் ஒரு கண்ணாடி. இந்தப் பக்கம் கலையும் டெல்பினும், அந்தப் பக்கம் மைக் முன்னால் நான். தொண்டையைச் செருமினேன். “ஏய்” என்றேன், பக்கத்து வீட்டுப் பூனையை விரட்டுகிற மாதிரி.

“ஏன்டி, சாப்பிடலையா நீ?” என்றாள் டெல்பின். மறுபடி முயன்றேன், இருமினேன், தொண்டை சரியில்லை என்று சொல்லி வெளியே வந்துவிட்டேன். அவளே உள்ளே போய்க் கத்திப் பார்த்தாள். மேலப்புதூர் மாதா கோயிலில் பாட்டுக் குழுவில் பாடுகிறவள், அவள் கோபம் சுதி சேர்ந்து வந்தது. கலை சிரித்துவிட்டான்.

“இது இல்ல மேடம். அது கேட்டா எனக்குத் தெரிஞ்சுரும்” என்று சொல்லிவிட்டு மெஷினைப் பூட்டப் போனான். ஃபில்டரை மாட்டி, அட்டையில் தேதி எழுதி, “மொத ரெண்டு லிட்டர் குடிக்காதீங்க, கீழ ஊத்திடுங்க” என்று வழக்கமாகச் சொல்வதைச் சொல்லிவிட்டுக் கிளம்பினான்.

அன்று சாயங்காலம் பைக்கில் காவிரிப் பாலம் ஏறும்போது, “சரியா வந்துச்சாக்கா?” என்று கேட்டான்.

“இன்னும் இல்ல. வெள்ளிக்கிழமைக்குள்ள வரலைன்னா எங்க வேலை போயிரும்.”

“வந்துரும். கேம் வெளிவந்ததும் நான்தான் மொதல்ல வாங்குவேன். செகண்ட் ஹேண்டுல கேம் ஆடுற மெஷின் ஒண்ணு பாத்து வச்சுருக்கேன். அக்கா செஞ்ச கூட்டம்னு சொல்லிக்கலாம்ல.”

பாலத்தில் நின்றுகொண்டிருந்தவர்கள் தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன். பின்னால் ஒரு பஸ்காரன் ஏர் ஹாரனை அமுக்கினான். கலை வண்டியை ஒதுக்கினான், நான் வாயை மூடிக்கொண்டேன். ஹாரன்மேல் பழி போட்டுக்கொள்ளலாம். அது ஓய்ந்த பிறகும் பாலம் பாதி பாக்கி இருந்தது.

புதன்கிழமை என்னால் ஒரு இடத்தில் உட்கார முடியவில்லை. ஒலிப்பதிவு செய்கிறேன் என்று ரெக்கார்டரைத் தூக்கிக்கொண்டு அலைந்தேன். காந்தி மார்க்கெட்டில் கூட்டம் இருந்தது, கோபம் இல்லை. ராஜகோபுரத்தடியில் ஒரு டூரிஸ்ட் வேன் ஆட்டோவை இடித்தது. எல்லோரும் பேசினார்கள், ஒருவரும் கத்தவில்லை. பேசாமல் பக்கத்துத் தெருவில் யாராவது ஒரு பெண்ணைப் பிடித்துக் கத்தச் சொல்லி அனுப்பிவிடலாம் என்றுகூட நினைத்தேன். அது இல்லை என்று கலை சொல்வான். அப்புறம் டெல்பின் விட மாட்டாள்.

வியாழக்கிழமை காலை சத்திரத்தில் ஒரு பஸ் நிறுத்தத்தில் நிற்காமல் தள்ளிப் போனது. ஐம்பது பேர் நின்றார்கள். ஒரு நொடி எல்லோரும் பேச்சு மூச்சில்லாமல் பார்த்தார்கள். பிறகு பூக்கூடை வைத்திருந்த ஓர் அம்மா, “ஏய், கண்ணு தெரியலையா?” என்று கத்தினாள். உடனே ஐம்பது பேரும் பிடித்துக்கொண்டார்கள். இஸ்திரி மடிப்புக் கலையாத சட்டை போட்ட ஒரு பெரியவர் செருப்பைக் கழற்றிவிட்டார். கலை சொன்னது அப்படியே நடந்தது. பஸ் நின்றது, டிரைவர் தலையை நீட்டித் திரும்பிப் பார்த்தான். சின்னப் பையன், இருபத்தைந்துகூட இருக்காது. அவன் முகத்தைப் பார்த்ததும் அந்த அம்மா வாயை மூடிக்கொண்டாள். “சரி சரி, ஏத்திக்கிட்டுப் போப்பா” என்றாள்.

யாரோ ஒருத்தி வாயை மூடிக்கொண்டாள். யாரோ ஒரு டிரைவருக்காக. நான் அங்கேயே பாத்திரக்கடை வாசலில் பத்து நிமிஷம் நின்றேன். எனக்கு என்னையே பிடிக்கவில்லை.

மத்தியானம் எல்லோரும் சாப்பிடப் போன நேரத்தில் ரெக்கார்டிங் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன். மைக் முன்னால் நின்று, அன்றைக்குக் கத்தியதைக் கத்தினேன். இரண்டு தடவை. வெளியே வந்து கூட்டத்தோடு சேர்த்துப் போட்டுப் பார்த்தேன். பந்து விழுந்தது, மௌனம், இடது பக்கத்திலிருந்து ஒரு குரல், திரையில் அவன் நிற்கிறான், மறுபடி அந்தக் குரல், பிறகு மொத்த ஸ்டேடியமும் எழும்பியது. திரையில் நின்ற பொம்மை தலையைக் குனிந்துகொண்ட மாதிரி இருந்தது. அவனுக்குக் குனியத் தெரியாது, யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை.

இதை அனுப்பினால் வேலை முடிந்தது. பதினோரு பேருக்கும் வேலை தங்கும், கேமும் வெளிவரும். கலை செகண்ட் ஹேண்ட் மெஷின் வாங்கி மேலூர் ரோட்டு வீட்டில் என் பக்கத்தில் உட்கார்ந்து ஆடுவான். ஒரு நாள் அவன் ஆட்டக்காரன் பந்தை நழுவவிடுவான். அப்போது அந்தக் குரலை அவன் வீட்டுக்குள்ளேயே கேட்பான். நான் காபி டம்ளரோடு பக்கத்தில் நிற்பேன்.

பதிவை அழித்தேன். கலைக்குப் போன் போட்டேன்.

“ஃபில்டர் ஒழுகுது. வந்து பாரு.”

“இப்பதானேக்கா மாத்துனேன்? வயலூர் ரோட்டுல ஒரு வீட்டுல இருக்கேன். ஒரு மணி நேரம் ஆகும்.”

“பரவால்ல, வா.”

அந்த ஒரு மணி நேரத்தில் நான் நாலு தடவை மாடிப்படி இறங்கி ஏறினேன். டெல்பின், “வயித்த கியித்த வலிக்குதா?” என்று கேட்டுவிட்டு அமெரிக்காவோடு பேச மேலே மொட்டை மாடிக்குப் போனாள். மற்றவர்கள் காதில் மாட்டிக்கொண்டு அவரவர் திரையில் இருந்தார்கள்.

கலை வந்தான். மெஷின் மூடியைக் கழற்றி, அதற்கடியில் மண்டியிட்டு, டார்ச் அடித்து, குழாயைத் தடவிப் பார்த்தான். விரல் காய்ந்திருந்தது.

“ஒழுகலையேக்கா.”

“தெரியும். இங்க வா.”

அவனை ரெக்கார்டிங் அறைக் கண்ணாடி முன்னால் உட்கார வைத்து ஹெட்போனை மாட்டினேன். எந்தப் பொத்தானை அமுக்கினால் உள்ளே இருக்கிறவளோடு பேசலாம் என்று காட்டினேன். ஏன் என்று அவன் கேட்கவில்லை. மறுபடி முயற்சி செய்யப்போகிறேன் என்று நினைத்திருப்பான். மத்தியானப் பதிவை அழிக்காமல் வைத்திருந்து, அதை மட்டும் ஓடவிட்டுவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டிருக்கலாம். அதுவும் ஒளிவதுதான். நான் உள்ளே போனேன்.

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவன் சர்வீஸ் பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். நான் கத்தினேன்.

“ஏஏஏய்.”

கலை தலையை நிமிர்த்தினான். அன்றைக்குக் கிரவுண்டில் திரும்பின அதே முகம். ஏழு வருஷத்தில் மீசை வந்திருக்கிறது, அவ்வளவுதான். இத்தோடு நிறுத்தினால் தப்பித்துவிடலாம். நீ என்று தெரியாமல் கத்திவிட்டேன் என்று சொல்லலாம், அவன் நம்பவும் நம்புவான். முதல் கத்தல் பந்துக்கு என்று அவனே எனக்கு வழி வைத்திருந்தான்.

இரண்டாவதையும் கத்தினேன். கத்திய வேகத்தில் என் கால் தானாக மடங்கியது. மைக்குக்கு அடியில், கண்ணாடி மறைக்கிற உயரத்துக்கு, குனிந்து உட்கார்ந்துவிட்டேன்.

பிறகு தலைக்கு மேல் இருந்த சின்ன ஸ்பீக்கர் கரகரத்தது.

“குனியாத.”

நான் எழுந்தேன். அவன் பையைக் கீழே வைத்துவிட்டு நின்றுகொண்டிருந்தான். ஒரு கை பொத்தான்மேல் இருந்தது.

“என் மூஞ்சி தெரிஞ்சுதா உனக்கு? ரெண்டாவது கத்தும்போது.”

“தெரிஞ்சுது.”

“அப்புறம் எதுக்குக்கா?”

“பக்கத்துல டெல்பின் நின்னா. யாரு, தெரிஞ்சவனான்னு கேட்டா. தெரியலன்னு சொல்லிட்டேன். சொல்லிட்டு, அது பொய்யில்லன்னு காட்டக் கத்துனேன்.” மைக் முன்னால் நின்று சொன்னதால் என் குரல் எனக்கே பெரிதாகக் கேட்டது. “உன்மேல கோவமும் இருந்துச்சு. என்னை அசிங்கப்படுத்திட்டன்னு.”

அவன் பொத்தானிலிருந்து கையை எடுத்தான். ஏதோ சொன்னான், வாய் அசைந்தது, எனக்குக் கேட்கவில்லை. என்ன சொன்னான் என்று இன்றுவரை நான் கேட்கவில்லை. மறுபடி பொத்தானை அமுக்கினான்.

“பதிவு ஓடுதா?”

“ஓடல.”

“ஓட விடு. இன்னொரு தடவ கத்து.”

“கலை, வேண்டாம்டா.”

“வேலை போயிரும்ல? கத்து. என்னைப் பாத்துக்கிட்டு கத்து. உக்காராத.”

வெளியே வந்து பதிவை ஓடவிட்டேன். அவன் நகர்ந்து வழிவிட்டான், என் தோள் அவன்மேல் படாத அளவுக்கு. உள்ளே போனேன். அவனைப் பார்த்தேன். முதலாவதைக் கத்தினேன். அவன் கண்ணை எடுக்கவில்லை. இரண்டாவதைக் கத்தும்போது என் கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டியது, ஆனால் குரல் உடையவில்லை. அன்றைக்கு அது உடையவில்லை, அதனால் இன்றைக்கும் உடையக்கூடாது. கத்தி முடித்து நின்றேன். கால் மடங்கவில்லை.

“இதான்” என்றான் கலை.

அப்போது டெல்பின் கதவைத் திறந்தாள். கத்தல் மொட்டை மாடி வரைக்கும் கேட்டிருக்கிறது. “அடிப்பாவி, எங்கடி வச்சுருந்த இத?” என்று தொடங்கியவள் என் முகத்தையும் அவன் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தாள். அவள் நெற்றி சுருங்கியது. “இரு. இத நான் எங்கயோ கேட்டுருக்கேன்.”

“கேட்டுருக்க” என்றேன். “காலேஜ் கிரவுண்டுல, லீக் ஃபைனல்ல. கேட்ச் விட்டவன் யாரு, தெரிஞ்சவனான்னு என்னைக் கேட்டே. இவன்தான். என் தம்பி.”

டெல்பின் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். கலை ஹெட்போனைக் கழற்றி, வயரை ஒழுங்காகச் சுற்றி, மேசைமேல் வைத்தான். சர்வீஸ் பையை எடுத்துத் தோளில் மாட்டினான். சமையலறைக்குப் போய், கழற்றிய மூடியை மெஷினில் திருகிவிட்டு வந்தான். வேலையை அரைகுறையாக விட்டுப் போகிறவன் இல்லை.

“கத்துனப்புறம் ஒரு நொடி தள்ளி மத்தவங்களக் கத்த விடுங்க மேடம்” என்று டெல்பினிடம் சொன்னான். “உடனே கத்துனா பொய்யா இருக்கும்.”

மாடிப்படி வரைக்கும் அவன் பின்னால் போனேன். மன்னிச்சுக்கோ என்றால் அவன் சரி என்று சொல்ல வேண்டியிருக்கும். அந்தக் கஷ்டத்தையும் அவனுக்குக் கொடுக்க எனக்கு மனம் வரவில்லை.

“ஆறு மணிக்கு...” என்றேன்.

“இன்னிக்கு நிக்க மாட்டேன். பஸ்ல வந்துரு.”

“நாளைக்கு?”

இரண்டு படி இறங்கியவன் நின்றான். திரும்பவில்லை.

“நாளைக்கும் பஸ்லயே வா. வண்டி ஓட்டக் கத்துக்கக்கா” என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனான்.

வெள்ளிக்கிழமை அமெரிக்காவிலிருந்து பதில் வந்தது. கூட்டத்துக்கு உயிர் வந்துவிட்டது என்று எழுதியிருந்தார்கள். அந்தப் பெண் யார், கோபம் அவ்வளவு நிஜமாக இருக்கிறதே என்று கடைசியில் ஒரு வரி. டெல்பின் அதை அச்சடிக்கவில்லை. சாயங்காலம் நான் ஒன்றாம் நம்பர் பஸ்ஸில் நின்றுகொண்டு போனேன். காவிரிப் பாலத்தில் ஒவ்வொரு பைக்கும் பக்கத்தில் வரும்போது குனிந்து பார்த்தேன். எதிலும் அவன் இல்லை.